முப்பத்தாறாவது நாள்

சுமதி, குமரன், இரண்டு பேரும் இதைப் படியுங்கள். சுமதிக்காகத்தான் எழுத ஆரம்பித்தேன். போன வாரம் அவள் போனில் ஒன்று கேட்டாள். "வீட்டுக்கு வா, சொல்றேன்" என்று வைத்துவிட்டேன். வந்தபோது பேரனுக்குக் காய்ச்சல், பேச முடியவில்லை. எழுதி வைத்தால் குமரனும் படிக்கலாம் என்று தோன்றியது. புக்கிட் ரம்பாய் ஃபேக்டரியில் ஷிப்ட் பார்க்கிறவனுக்குக் கோர்ட் விஷயம் எதற்கு என்பான். படி, ஐயா. நீளமாக இருந்தால் இரண்டு நாள் வைத்துப் படி.

சுமதி கேட்டது இது. அவள் அரசாங்கச் சட்டப் பிரிவில் சேர்ந்து மூன்று மாதம் ஆகிறது. மேல்முறையீட்டுக்கு உரிய நாள் தாண்டிப்போன ஒரு வழக்கில், தாமதத்தை மன்னிக்கக் கேட்டு மனு எழுதும் வேலையை அவளிடம் கொடுத்திருக்கிறார்கள். "அப்பா, அரசாங்கம்னா கோர்ட் கொஞ்சம் விட்டுக்கொடுக்கும்லா? நீங்க எத்தனையோ பாத்திருப்பீங்களே" என்றாள்.

எத்தனையோ பார்க்கவில்லை, அம்மா. மூன்று பார்த்தேன். மூன்றாவது என்னால் வந்தது.

நான் ஐந்தாம் படிவத்தோடு பள்ளியை முடித்தவன். மலாக்காவில் டுரியான் துங்கால் பக்கத்துத் தோட்டத்திலிருந்து சைக்கிளில் வந்து, ஒரு அரசாங்க வாரியத்தில் கடைநிலை ஊழியனாகச் சேர்ந்தேன். ஆறு வருடம் கழித்து குமாஸ்தா ஆனேன். சட்டப் பிரிவில் ஆள் இல்லை என்று என்னை அங்கே போட்டார்கள். ஓய்வு பெறும்வரை அங்கேயேதான் இருந்தேன். வாரியத்தின் பெயரை எழுதவில்லை. உங்களுக்குத் தெரியும், மற்றவர்களுக்குத் தேவையில்லை.

என் வேலை தேதி பார்ப்பது. எந்த வழக்கு எப்போது, எந்தக் காகிதம் எந்த நாளுக்குள் போக வேண்டும் என்று ஒரு நீளப் புத்தகத்தில் எழுதி, காலையில் அதிகாரி மேசையில் வைக்க வேண்டும். எங்கள் அலுவலகத்தில் எல்லாத் தேதியும் சாப்பிலிருந்து தொடங்கும். கடிதம் வந்ததும் 'பெறப்பட்டது' என்று ரப்பர் முத்திரை குத்துவோமே, அதுதான் சாப்பு. பொதுமக்கள் புகாருக்கு இத்தனை நாளில் பதில் என்றால், சாப்பு விழுந்த நாளிலிருந்து எண்ணுவோம். சாப்பு விழாத காகிதம் எங்களைப் பொறுத்தவரை இன்னும் வரவே இல்லை. பத்து வருடம் அப்படி எண்ணியவனுக்கு வேறு மாதிரி எண்ண வராது. இதை மன்னிப்புக்காகச் சொல்லவில்லை. பின்னால் நடந்தது புரிவதற்குச் சொல்கிறேன்.

எங்கள் சட்ட அதிகாரி துவான் ஹாஷிம். மரியாதைக்கு எல்லோரும் துவான் என்றுதான் கூப்பிடுவோம். பதினேழு வருடம் அவரிடம் வேலை செய்தேன். குரல் உயர்த்திப் பேசி நான் கேட்டதில்லை. தவறு நடந்துவிட்டால் பென்சிலைச் சீவுவார். சீவிய தூளை உள்ளங்கையில் தட்டிக் குப்பைத்தொட்டியில் போடுவார். பிறகு வெள்ளைத்தாளின் இடது ஓரத்தில் ஒன்று, இரண்டு, மூன்று என்று நாட்களின் எண்ணை மேலிருந்து கீழே எழுதுவார். ஒவ்வொரு எண்ணுக்கும் எதிரே அன்றைக்கு யார் என்ன செய்தார்கள் என்று நாங்கள் சொல்ல வேண்டும். சொல்ல ஒன்றும் இல்லாத நாளுக்கு எதிரே ஒரு சின்ன வட்டம் போடுவார். திட்டுவதை விட அந்த வட்டம் மோசம்.

முதல் தாமதம் அவர் வந்த புதிதில். டுரியான் துங்கால் அணைக்கட்டுக்கு மேலே, தண்ணீர் வந்து சேரும் காட்டுநிலத்தில் ஒருவர் மணல் அள்ளிக்கொண்டிருந்தார். அதைத் தடுக்க நாங்கள் போட்ட வழக்கு கீழ்க்கோர்ட்டில் அவர் பக்கம் தீர்ப்பானது. செஷன்ஸ் கோர்ட் தீர்ப்பை எதிர்த்து ஹைகோர்ட்டுக்குப் போகப் பதினான்கு நாள்தான். கடைசி நாள் கோப்போடு போன எங்கள் ஆள் மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்து இடுப்பு முறிந்தது. கோப்பு அவர் பையோடு ஆஸ்பத்திரியில் பூட்டிக் கிடந்தது. மூன்று நாள் தாமதம். துவான் மூன்று நாளையும் எழுதினார், ஆஸ்பத்திரிக் கடிதத்தை இணைத்தார். ஒரு வட்டம்கூட இல்லை. நீதிபதி மன்னித்தார். மணல்காரரின் லாரி அந்த மூன்று நாளும் ஓடிக்கொண்டுதான் இருந்தது, அவருக்கு நஷ்டம் ஒன்றும் இல்லை. குடிதண்ணீரோ மலாக்காவில் பாதிப் பேருக்கு வேண்டியது. அதில் யாருக்கும் வருத்தம் இல்லை.

இரண்டாவது எங்களுடைய தாமதம் இல்லை. வாரியத்தை எதிர்த்து வழக்குப் போட்டுத் தோற்ற ஒரு கிழவர் ஒரே ஒரு நாள் தாமதமாக மேல்முறையீடு செய்தார். பொதுவிடுமுறையைச் சேர்த்து எண்ணத் தெரியவில்லை. நாங்கள் எழுந்து நின்று, ஒரு நாள் என்றாலும் தாமதம் தாமதம்தான் என்று எதிர்த்தோம். எங்களுக்குச் சாதகமாக முடிந்தது. திரும்பி வரும்போது காரில் துவான் அடுத்த கோப்பைப் பிரித்துக்கொண்டார். நானும் அதைப் பற்றி நினைக்கவில்லை.

மூன்றாவதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

ரெம்பியா பக்கம் ஒரு தோட்டம் துண்டு துண்டாக விற்கப்பட்டபோது, அங்கே வேலை செய்த சில குடும்பங்களுக்கு ஓரத்து நிலத்தில் இருந்துகொள்ளலாம் என்று வாரியம் கடிதம் கொடுத்தது. பல வருடம் கழித்து அதே நிலம் கிடங்கு கட்ட வேண்டும் என்று வந்தது. மற்றவர்கள் போய்விட்டார்கள். சின்னப்பன் என்பவர் மட்டும் போகவில்லை. மூன்று மாடு வைத்துப் பால் ஊற்றுகிறவர். பெண்டாட்டி, இரண்டு பெண்கள், ஒரு மகன், நடக்க முடியாத மாமனார். பலகை வீடு. அவர் கடிதத்தை எடுத்துக்கொண்டு கோர்ட்டுக்குப் போனார். எழுதிக் கொடுத்த வாக்கை வாரியம் மீற முடியாது, அவரை வெளியேற்றக்கூடாது என்று செஷன்ஸ் கோர்ட் தீர்ப்புச் சொன்னது.

அப்போது துவான் ஹாஷிம் ஹஜ் பயணம் போயிருந்தார். தீர்ப்புக்குப் போன இளம் அதிகாரி, கோப்பின் அட்டையில் "தோல்வி, மேல்முறையீடு செய்யவும்" என்று எழுதி என் மேசையில் வைத்துவிட்டு, அதே வாரம் ஜொகூருக்கு மாற்றலாகிப் போய்விட்டார். நான் கோப்பை அலமாரியில் வைத்தேன். கோர்ட் முத்திரையோடு தீர்ப்பின் நகல் வரட்டும் என்று காத்திருந்தேன். அது இருபத்து நான்காம் நாள் வந்தது. சாப்பு குத்தினேன். அன்றிலிருந்து பதினான்கு நாள் எண்ணிப் புத்தகத்தில் எழுதினேன்.

தற்காலிகமாகப் பார்த்துக்கொண்ட வேறு பிரிவு அதிகாரியிடம் கையெழுத்து வாங்கி, நானே ஆயர் கெரோ கோர்ட்டுக்கு எடுத்துப் போனேன். அப்போதெல்லாம் கம்ப்யூட்டரில் அனுப்புவது கிடையாது. கவுண்டரில் நிற்க வேண்டும். இரண்டு நாள் முன்னதாகவே முடித்துவிட்டோம் என்று எனக்குத் திருப்தி. கவுண்டரில் இருந்த பெண் சுவர் நாட்காட்டியைப் பார்த்தாள். பேனா முனையால் கட்டம் கட்டமாக எண்ணினாள். மறுபடி எண்ணினாள்.

"என்சேக், இன்னைக்கு முப்பத்தாறாவது நாள்" என்றாள் மலாயில்.

"நகல் எங்களுக்குக் கிடைச்சதே..."

"கிடைச்ச நாள் இல்ல, என்சேக். தீர்ப்புச் சொன்ன நாள்."

கோப்பைத் திருப்பித் தந்தாள். இருபத்திரண்டு நாள் தாமதம். வெளியே வந்து படிக்கட்டில் நின்றேன். ஹெல்மெட்டை எங்கே வைத்தேன் என்று தெரியவில்லை. கையில்தான் இருந்தது.

துவான் மறுநாள் வேலைக்குத் திரும்பினார். எல்லோருக்கும் பேரீச்சம்பழம் கொடுத்தார். எனக்கும் கொடுத்தார். நான் அதைக் கையில் வைத்துக்கொண்டே விஷயத்தைச் சொன்னேன். பென்சிலைச் சீவினார். ஒன்றிலிருந்து முப்பத்தாறு வரை எழுதினார்.

"முதல் நாள்?"

"கோப்பு வந்துச்சு, துவான்."

"இரண்டாம் நாள்?"

வட்டம். மூன்றாம் நாள், வட்டம். இருபத்து மூன்றாம் நாள் வரை வட்டம் போட்டுக்கொண்டே போனார்.

வாரியத்தின் இயக்குநர் துவானைக் கூப்பிட்டார். திரும்பி வந்த துவான் கையில் ஒரு குறிப்பு இருந்தது. அதை என்னிடம் காட்டினார். 'கோப்பு உயர்மட்ட ஒப்புதலுக்காகப் பல நிலைகளில் நிலுவையில் இருந்தது' என்று ஒரு வரி. தாமதத்துக்குக் காரணம் என்ன என்று கோர்ட் கேட்டால் பெரும்பாலும் எழுதப்படுகிற வரி அது. சொல்லப்போனால் பல சமயம் அது எடுபடவும் செய்யும். அரசாங்கம் பெரியது, நாலு மேசை தாண்டித்தான் காகிதம் வரும் என்று நீதிபதிகளுக்கும் தெரியும்.

பிள்ளைகளே, மறைக்காமல் சொல்கிறேன். அந்த வரியைப் படித்ததும் எனக்கு மூச்சு வந்தது. அதில் என் பெயர் இல்லை, யார் பெயருமே இல்லை. பல நிலைகள் என்பது ஒரு ஆள் இல்லையே, அதற்கு யாரும் காரணம் கேட்டுக் கடிதம் கொடுக்க முடியாது.

தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவோடு போக வேண்டிய சத்தியப் பிரமாண வாக்குமூலத்தைத் துவானே தட்டச்சு செய்தார். என் பெயரில்தான் வர வேண்டும், ஏனென்றால் கோப்பு இருந்தது என்னிடம். படிக்கக் கொடுத்தார். இயக்குநரின் வரி அதில் இல்லை. நகல் கிடைத்த நாளிலிருந்து நான் எண்ணினேன், அது தவறு, அதற்கு முன்னால் இருபத்து மூன்று நாள் கோப்பு என் அலமாரியில் இருந்தது என்று இருந்தது.

"துவான், முழுக்க என் பேரே இருக்கு."

"அடுத்த பத்தியைப் படிங்க."

அடுத்த பத்தியில் அவர் பெயர். விடுமுறையில் போகும்போது நாட்களைச் சரிபார்க்க ஒரு சட்டம் படித்த ஆளை நியமிக்காமல் போனது தன் தவறு என்று.

"அந்த ஒப்புதல் வரி..." என்று இழுத்தேன்.

"எந்த மேசையில எந்த நாள் இருந்துச்சுன்னு நீதிபதி கேட்டா, நீங்க மேசையைக் காட்டுவீங்களா, கணேசன்?" என்றார். பிறகு, "நேரம் எடுத்துக்கங்க. கையெழுத்து உங்களுடையது" என்று சொல்லிவிட்டுத் தொழுகைக்குப் போய்விட்டார்.

நான் அவருடைய அறையில் கால்மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். பெரிதாக ஒன்றும் யோசிக்கவில்லை. வேலை போகுமா, சுமதிக்குப் பரீட்சை வருகிறதே என்று மட்டும்தான் ஓடியது. பிறகு காகிதத்தை எடுத்துக்கொண்டு கீழே சத்தியப் பிரமாண ஆணையர் அறைக்குப் போய்க் கையெழுத்துப் போட்டேன். மனு முப்பத்தொன்பதாம் நாள் உள்ளே போனது.

விசாரணை இரண்டு மாதம் கழித்து. ஹைகோர்ட் வாசலில் நீள பெஞ்சு. கோப்புப் பெட்டியோடு நான் ஒரு முனையில் உட்கார்ந்திருந்தேன். மறுமுனையில் சின்னப்பனும் அவர் மனைவி பாப்பாத்தியும். நான் தமிழன் என்று தெரிந்ததும் அவரே பேச்சைத் தொடங்கினார்.

"தம்பி, நீங்க எந்தத் தோட்டம்?"

சொன்னேன்.

"அட, அங்க என் அத்தை வீடு இருந்துச்சு. சரி தம்பி, ஒண்ணு கேக்கறேன். பதினாலு நாள்னு சட்டம் போட்டது நாங்களா, நீங்களா?"

"கோர்ட் சட்டம்ணே."

"நான் எண்ணினேன் தம்பி. நாள்காட்டியில தாளு கிழிச்சுக் கிழிச்சு எண்ணினேன். பதினஞ்சாம் நாளு லாயருக்குப் போன் போட்டேன். ஒண்ணும் வரலே, சந்தோஷமா இருங்கன்னாரு. பதினாறாம் நாளு காலையில பலகையப் பிரிக்க ஆரம்பிச்சுட்டேன். கல் வீடு கட்டணும்னு இருவது வருஷ ஆசை. செவுரு இடுப்பு மட்டும் வந்துருச்சு, அப்பத்தான் உங்க காகிதம் வருது. கட்டாதே, நிப்பாட்டுன்னு லாயர் சொல்லிட்டாரு. அப்பீல்ல இடிக்கச் சொன்னா எல்லாம் வீண்தானே."

"இப்ப எங்க இருக்கீங்கண்ணே?"

பாப்பாத்தியக்கா முந்திக்கொண்டார். "மாட்டுக் கொட்டாயிலதான், வேற எங்க? ஆறு பேரும் அங்கதான். மாடு முழிச்சு முழிச்சுப் பாக்குது தம்பி. என்னடா இவங்க, வீடு வாசல் இல்லாம நம்ம வீட்டுல வந்து ஒண்டிக்கிட்டாங்களேன்னு."

சின்னப்பன் சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை. "நாங்க ஒரு நாளு பால் லேட்டா கொண்டு போனாலே அந்த வீட்டம்மா செம்பைத் திருப்பிக்கிட்டுப் போயிருவாங்க. இவங்க இருவத்திரண்டு நாளு லேட்டு. கோட்டு போட்டுக்கிட்டு வந்து நிக்கறாங்க பாரு."

என்னால் அங்கே உட்கார முடியவில்லை. "அண்ணே, நாளைத் தப்பா எண்ணினது நான்தான்" என்று சொல்லிவிட்டேன். சொல்லியிருக்கக் கூடாது, எதிர்த்தரப்பு ஆள். ஆனால் வாக்குமூலத்தில் எழுதியதைத்தானே சொன்னேன்.

சின்னப்பனின் முகம் மலர்ந்தது. என் பக்கம் நகர்ந்து வந்து, குரலைத் தாழ்த்தி, "நம்ம புள்ள... எங்களுக்காகத்தானே?" என்றார்.

"இல்லண்ணே, நெசமாவே தெரியாமத்தான்."

"புரியுது புரியுது. அப்படித்தான் சொல்லணும்."

"சும்மா இருங்களேன், அந்தத் தம்பி வேலைக்கு வேட்டு வச்சிராதீங்க" என்று அக்கா அவர் தொடையில் கிள்ளினார். நான் எழுந்து தூணுக்கு அந்தப் பக்கம் போய் நின்றுகொண்டேன். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

உள்ளே நீதிபதி ஒரு பெண்மணி. வாக்குமூலத்தை ஏற்கனவே படித்திருந்தார். துவான் சுருக்கமாகச் சொன்னார்: எண்ணியதில் தவறு, வேண்டுமென்று செய்ததில்லை, பொதுநிலம் சம்பந்தப்பட்ட விஷயம், ஒரு குமாஸ்தாவின் தவறுக்காகப் பொதுமக்கள் நிலத்தை இழக்கக்கூடாது. அதுவும் நியாயமான வாதம்தான், சுமதி. அதை எழுதத் தயங்காதே.

சின்னப்பனின் லாயர் எழுந்து, அவர் வீட்டைப் பிரித்ததைச் சொன்னார், பிறகு இதே வாரியம் ஒரு கிழவரின் ஒரு நாள் தாமதத்தை எதிர்த்ததைச் சொன்னார்.

நீதிபதி துவானைப் பார்த்தார். "உண்மையா?"

"உண்மை, யாங் ஆரிஃப். நான்தான் ஆஜரானேன்."

"அன்று என்ன சொன்னீர்கள்?"

"ஒரு நாள் என்றாலும் தாமதம் தாமதம்தான் என்று சொன்னேன்."

துவான் தலை குனியவும் இல்லை, நிமிரவும் இல்லை. கேட்டதற்குப் பதில் சொன்ன மாதிரி நின்றார்.

நீதிபதி அங்கேயே முடிவு சொன்னார். விளக்கம் உண்மை என்று நம்புவதாகவும், அரசு அமைப்புகளிடமிருந்து இப்படி ஒளிக்காத விளக்கம் வருவது குறைவு என்றும் சொன்னார். வாரியம் பெரியது என்பதால் அதிகச் சலுகையும் இல்லை, அதற்காகக் கூடுதல் கண்டிப்பும் இல்லை என்றார். ஆனால் பதினான்கு நாள் என்பது இரண்டு பக்கத்துக்கும் சொல்லப்பட்டது, ஒருவர் அதை நம்பித் தன் வீட்டைத் தானே பிரித்துவிட்டார், அந்தப் பலகையை இனி யாராலும் திரும்பப் பொருத்த முடியாது என்றார். மனு தள்ளுபடி.

பின்னால் பாப்பாத்தியக்கா, "என்னங்க சொல்றாங்க? என்னங்க?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். மலாய் அவருக்குத் தெரியும். பயத்தில் காதில் விழவில்லை.

எனக்குக் காரணம் கேட்டுக் கடிதம் வந்தது. எதிர்த்தரப்போடு உங்களுக்குத் தனிப்பட்ட தொடர்பு உண்டா என்று ஒரு கேள்வி அதில் இருந்தது. சின்னப்பன் நினைத்ததையே இயக்குநரும் நினைத்திருக்கிறார். உதவ நினைத்தவன் முப்பத்தாறாம் நாள் தானே கோப்பைத் தூக்கிக்கொண்டு கவுண்டருக்குப் போயிருப்பானா என்று எழுதினேன். எச்சரிக்கையோடு விட்டார்கள். பதவி உயர்வு தள்ளிப்போனது. துவானுக்கும் ஒரு கடிதம் வந்ததாகக் கேள்வி. அவர் சொன்னதில்லை, நான் கேட்டதில்லை.

சுமதி, உன் கேள்விக்கு என்னால் முடிந்த பதில் இதுதான். அரசாங்கம் என்பதற்காக விட்டுக்கொடுப்பார்கள் என்று நம்பி எழுதாதே. நாட்களை ஓரத்தில் எழுது. வட்டம் விழுகிற நாளை வட்டமாகவே விடு, பெரிய வார்த்தையால் நிரப்பாதே. பிறகு, அந்த நாட்களில் எதிர்த்தரப்பு ஆள் என்ன செய்தார் என்று கேட்டுப் பார். அவர் சும்மா இருந்தாரா, வீட்டைப் பிரித்தாரா? நம் கோப்பில் அது இருக்காது. விசாரித்தால்தான் தெரியும். நாங்கள் விசாரிக்கவில்லை. பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோதுதான் எனக்கே தெரிந்தது. முன்பே தெரிந்திருந்தால் துவான் அந்த மனுவையே போட்டிருக்க மாட்டார் என்று நினைக்கிறேன். உறுதியாகச் சொல்ல முடியாது.

இன்னும் ஒன்று மட்டும் எழுதிவிடுகிறேன். தீர்ப்பாகிச் சில வாரம் கழித்து ஒரு சனிக்கிழமை, உங்கள் அம்மாவிடம் அலோர் காஜா போகிறேன் என்று சொல்லிவிட்டு ரெம்பியாவுக்குப் போனேன். சின்னப்பன் வீட்டுக்குப் போகவில்லை. போனால் நன்றி சொல்வார், அதை வாங்கிக்கொள்ள எனக்கு உரிமை இல்லை. பெரிய சாலையிலிருந்து உள்ளே திரும்பும் இடத்தில் மோட்டாரை நிறுத்தினேன். அங்கிருந்து பார்த்தால் சுவர் தெரிந்தது. ஜன்னல் சட்டம் ஏறியிருந்தது. யாரோ கலவை குழைக்கும் சத்தம் கேட்டது.

திருப்பத்து ரம்புத்தான் மரத்தில், காலி செய்யச் சொல்லி வாரியம் வைத்த நோட்டீஸ் இன்னும் இருந்தது. பிளாஸ்டிக் உறைக்குள் தாள் பழுத்துப்போயிருந்தது. மேல் மூலையில் கோப்பு எண் என் கையெழுத்தில். அதை மரத்தில் அடிக்கச் சொல்லித்தான் எங்களுக்கு உத்தரவு வந்திருந்தது, எடுக்கச் சொல்லி யாரும் எழுதவில்லை. மோட்டார் சீட்டுக்கு அடியிலிருந்து குறடு எடுத்தேன். நான்கு ஆணி. மூன்று சுலபமாக வந்தன. நான்காவதை மரம் உள்ளே இழுத்துக்கொண்டிருந்தது. பட்டையைக் கொஞ்சம் சீவிவிட்டு அதையும் பிடுங்கினேன்.